மேல் உடல் காயம்

மெல் டட்கா தொழில்முறை ஐஸ் ஹாக்கியில் ஆடியவை எண்ணூற்றுப் பதினோரு ஆட்டங்கள். அடித்த கோல்கள் முப்பத்திரண்டு. தடுப்பாட்டக்காரன் இதற்கு வெட்கப்பட வேண்டியதில்லை. கல்லைப் போல உறைந்த ரப்பர் வட்டு வருகிற வழியில் உடம்பைக் கொண்டுபோய் வைப்பதுதான் அவன் வேலை. மெல் அதைப் பதினான்கு பருவங்கள் செய்தான். அவனைப் பெரிய ஆட்டக்காரன் என்று சொல்ல மாட்டேன். பின்னோக்கிச் சறுக்கும்போது இடப்பக்கம் திரும்ப எப்போதும் அரை விநாடி தாமதமாகும். மேலே பெரிய லீகுக்கு இரண்டு முறை கூப்பிட்டு, ஒன்பது ஆட்டம் ஆடவிட்டுத் திருப்பி அனுப்பினார்கள். சரியான முடிவுதான்.

கடைசிப் பதினோரு பருவங்கள் எங்கள் கார்னெட் லேக் ட்ராப்பர்ஸ் அணியில் ஆடினான். நான் வெஸ், அந்த அணியின் சாமான்காரன். ஸ்கேட்டுக்குச் சாணை பிடிப்பேன், ஈரக் கையுறைகளைக் காயவைப்பேன், கிழிந்த சட்டைகளைத் தைப்பேன், புதிதாக வருகிறவர்களின் பெயரை முதுகில் எழுத்து எழுத்தாக வெட்டித் தைப்பேன். வருடத்துக்கு ஒரு முறை ஒரு கையெழுத்தும் போடுவேன். அந்தக் கையெழுத்தைப் பற்றித்தான் இங்கே சொல்ல வேண்டியிருக்கிறது.

ஒவ்வொரு செப்டம்பரிலும் பயிற்சி முகாமின் முதல் காலை தலைச் சோதனை. ஆட்டக்காரர்கள் கணினி முன்னால் உட்காருவார்கள். பன்னிரண்டு சொற்கள் வந்து மறையும். பிறகு வேறு சொற்களோடு கலந்து வரும். முன்பு எவை வந்தன என்று சொல்ல வேண்டும். நிறம் மாறியதும் பொத்தானை அழுத்த வேண்டும். பருவத்தின் நடுவில் தலையில் அடிபட்டால் அதே சோதனையை மறுபடி எழுதுவார்கள். செப்டம்பர் மதிப்பெண்ணை எட்டினால்தான் ஆடலாம். யோசித்துச் செய்த ஏற்பாடுதான். செப்டம்பரில் வேண்டுமென்றே மோசமாக எழுதிவைத்தால் பிப்ரவரியில் தலை சுற்றும்போதும் தேறிவிடலாம் என்பதை மட்டும் அதைச் செய்தவர்கள் யோசிக்கவில்லை. எங்கள் ஆட்டக்காரர்களுக்கு அது முதல் நாளே தெரியும். யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

"டட்ஸி, அந்தப் பட்டியல்ல 'ஏணி' இருந்துச்சா?"

"ஏணியா? என் பேரே ஞாபகமில்ல மாப்ள."

"அதுக்கு எதுக்குடா டெஸ்ட்? உன் பொண்டாட்டியக் கேட்டா எழுதியே குடுப்பா, இவனுக்கு மூளையே இல்லைன்னு."

அறை முழுக்கச் சிரிப்பு. பயிற்சியாளர் கதவோரம் காபியோடு நின்று தானும் சிரிப்பார். எல்லாம் முடிந்ததும் அச்சாகி வரும் ஒவ்வொரு மதிப்பெண் தாளின் அடியிலும் 'உண்மையான முயற்சியுடன் எழுதப்பட்டது' என்ற வரிக்குக் கீழே சாட்சியாக நான் கையெழுத்துப் போடுவேன். மருத்துவ உதவியாளர் முழங்கால்களைப் பார்ப்பதில் மும்முரமாக இருப்பார். சும்மா நிற்கிறவன் நான்தான். நானும் சிரித்திருக்கிறேன்.

மெல்லுக்கு அந்தப் பொய் நன்றாக வேலை செய்தது. ஒரு ஜனவரியில் நார்த்போர்ட் அணியுடன் ஆட்டம். எங்கள் கோலுக்குப் பின்னால் வட்டை எடுக்கக் குனிந்தவனை ஒருவன் முழு வேகத்தில் வந்து தளத்தைச் சுற்றியிருந்த கண்ணாடித் தடுப்பில் இடித்தான். ஹெல்மெட் பிளந்தது. மெல் எழுந்தான், மெதுவாகச் சறுக்கிப் போனான், எதிரணியின் பெஞ்சில் ஏறி உட்கார்ந்தான். அவர்கள் நகர்ந்து இடம் கொடுத்தார்கள், முதுகில் தட்டினார்கள், சிரித்தார்கள். அவன் அங்கேயே இருந்து அவர்களுடைய தண்ணீரை எடுத்துக் குடித்ததும் சிரிப்பு நின்றது. நான் போய்க் கையைப் பிடித்து அழைத்துவந்தேன்.

மறுநாள் அணி வெளியிட்ட செய்தி: 'டட்கா, மேல் உடல் காயம்.' எந்த இடத்தில் அடி என்று எங்கள் ஆட்டத்தில் யாரும் சொல்வதில்லை. சொன்னால் அடுத்த அணி அங்கேயே அடிக்கும். ஆகவே உடம்பு முழுவதற்கும் மேல், கீழ் என்று இரண்டே பகுதிகள். மூன்றாம் நாள் சோதனை எழுதினான். செப்டம்பர் மதிப்பெண் அப்படியே வந்தது. சனிக்கிழமை ஆடினான். அதுபோல ஏழு முறை. நான் அறிந்து ஏழு.

ஒரு பொய்யைச் சொல்வதற்கு இருந்த காரணம் போன பிறகும் பொய் இருந்துகொண்டேதான் இருக்கிறது. அடுத்த எதிராளியை ஏமாற்றச் சொன்ன சொல், எதிராளியே இல்லாமல் போன பிறகும் காகிதத்தில் உட்கார்ந்திருந்தது.

முப்பத்து நான்காம் வயதில் மெல் நிறுத்தினான். எங்கள் அரங்கிலேயே பனித்தளத்தைச் சமன்செய்யும் வண்டியை ஓட்டும் வேலை கொடுத்தார்கள். ஒரு பிற்பகல் ஆட்டத்தின் இடைவேளையில் தளம் முழுவதையும் முடித்தவன், முடித்த தளத்தின்மேல் மறுபடி தொடங்கினான். சுற்றிச் சுற்றி வந்தான். விளையாட்டுக் காட்டுகிறான் என்று நினைத்து ஜனங்கள் தாளம் போட்டுக் கைதட்டினார்கள். நான் பூட்ஸ் காலோடு இறங்கி வண்டிக்குப் பக்கத்தில் நடந்தேன்.

"மெல், போதும்டா. வண்டிய உள்ள கொண்டு போ."

"இது எந்தப் பீரியட் வெஸ்ஸி?"

"ரெண்டாவது முடிஞ்சிருக்கு."

"நாம ஜெயிக்கிறோமா?"

வேலை போயிற்று. வீட்டுக்குள்ளும் கறுப்புக் கண்ணாடி போட ஆரம்பித்தான். வெளிச்சம் ஊசியாகக் குத்தியது. ஒருநாள் பெரோகிக் கொழுக்கட்டை வேகவைத்த பாத்திரத்தின் மூடி கீழே விழுந்த சத்தத்துக்குச் சமையலறைச் சுவரைக் குத்தி ஓட்டை போட்டான். ஊரில், "டட்கா நல்லா குடிக்கிறான்" என்றார்கள். அவன் குடியை விட்டு ஆறு வருடம் ஆகியிருந்தது. அவன் அடிவாங்கியதைப் பார்க்க மைனஸ் முப்பதில் வரிசையில் நின்று சீட்டு வாங்கிய அதே ஊர் அது.

"எனக்கு வேற எதுவும் வேணாம்டா," என்றான் என்னிடம். "நான் குடிகாரனில்ல, கெட்டவனில்ல. தலையில அடிபட்டவன். அத ஒரே ஒரு வரி எழுதிக் குடுக்கட்டும். ரோண்டா அத ஃப்ரிட்ஜ்ல ஒட்டிக்குவா. அவ்ளோதான்."

ரோண்டா அவன் மனைவி, பள்ளிப் பேருந்து ஓட்டுகிறவள். இரண்டு வருடம் விண்ணப்பம் மேல் விண்ணப்பமாக எழுதினாள். கடைசியில் லீகின் மருத்துவக் குழு சாஸ்கடூனில் ஒரு ஹோட்டல் கூடத்தில் அவனைப் பார்க்க ஒப்புக்கொண்டது. அதே சோதனையை மறுபடி எழுத வேண்டும் என்றார்கள். அவர்கள் இருவரையும் என் டிரக்கில் நான்தான் கூட்டிப்போனேன்.

மெல் தன் வாழ்க்கையில் முதல் முறையாக அந்தச் சோதனையை உண்மையான முயற்சியுடன் எழுதினான். அதற்காக ஒரு மாதம் ரோண்டாவோடு சீட்டுக்கட்டை வைத்துப் பழகியிருந்தான். வெளியே வந்தபோது சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. "நல்லா பண்ணேன்டா. ஒன்னயும் விடல," என்றான்.

குழுவின் தலைவர் வயதான, மரியாதையான மனிதர். பதினான்கு செப்டம்பர் தாள்களை மேசையில் வரிசையாகப் பரப்பினார். "மிஸ்டர் டட்கா, சந்தோஷமான செய்திதான். இருபது வயசுல வாங்கின மதிப்பெண்ணுக்கும் இப்ப வாங்கினதுக்கும் வித்தியாசமே இல்ல. சொல்லப்போனா ரெண்டு பாயின்ட் கூடியிருக்கு. ஒரு பாதிப்பும் தெரியல."

முட்டாளாக நடித்த இளைஞனும், தன்னிடமிருந்த எல்லாவற்றையும் கொட்டி எழுதிய நாற்பத்தோரு வயதுக்காரனும் ஒரே இடத்தில் வந்து நின்றார்கள். மெல் அந்தத் தாள்களையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்குப் புரிந்துவிட்டது. ரோண்டாவுக்குப் புரியவில்லை. கூடத்துக்கு வெளியே நடைவழியில் அவன் சொன்னான்.

"செப்டம்பர்ல எல்லாரும் வேணும்னே தப்பா எழுதுவோம் ரோண்டா. அது வழக்கம்."

"வழக்கமா? பதினாலு வருஷம் என் பக்கத்துல படுத்துக்கிட்டு இத ஒரு தடவ சொல்லத் தோணலையா உனக்கு? ரெண்டு வருஷமா நான் எழுதிக் கிழிக்கிறேன், அப்பவாவது?"

"மறந்துட்டேன்."

அவள் என் பக்கம் திரும்பினாள். "வெஸ், அடியில இருக்கறது உன் கையெழுத்துதானே?"

"ஆமா."

"பதினோரு தடவையுமா?"

"ஆமா ரோண்டா."

"கை வலிக்கலையா உனக்கு?"

நான் உள்ளே திரும்பிப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். சிரிப்பையும், பயிற்சியாளரின் காபியையும், நான் பொய்ச் சாட்சி போட்டதையும் சொன்னேன். தலைவர் குறித்துக்கொண்டார். உண்மையைச் சொல்லிவிட்டால் காரியம் நேராகும் என்று அந்த வயதிலும் நான் நம்பியிருந்தேன். ஆறு வாரம் கழித்துக் கடிதம் வந்தது: 'சாட்சி கூறுவது உண்மையானால் பழைய சோதனைகள் எதையும் நம்ப இயலாது, ஒப்பிட அடிப்படை இல்லாததால் எதையும் முடிவு செய்ய இயலாது. ஆட்டக்காரருக்கு ஏழு மேல் உடல் காயங்கள் பதிவாகியுள்ளன. அவை தோள் சார்ந்தவை எனக் கருதுகிறோம்.'

தோளாம். பொய் அவனுக்கு எதிராக நின்றது. உண்மையும் அவனுக்கு எதிராகவே நின்றது. அந்தக் கடிதத்தில் தர்க்கப் பிழை எதையும் என்னால் காட்ட முடியாது. பலமுறை படித்துப் பார்த்திருக்கிறேன். பிழையில்லாமல் ஒரு மனிதனை இல்லையென்று ஆக்குவதைப் போல எனக்கு ஆத்திரமூட்டுவது வேறில்லை.

அந்த வாரமே எங்கள் மேலாளர் கார்ட் ஆன்ஸ்லி என்னைக் கூப்பிட்டார்.

"சாஸ்கடூன்ல போய் என்னய்யா உளறிட்டு வந்திருக்கே?"

"நடந்ததச் சொன்னேன் கார்ட்."

"நடந்தது எல்லா டீம்லயும் நடக்குது. சரி, போகட்டும். மெல்லுக்கு நாம மரியாதை பண்றோம். அவனோட நாலாம் நம்பர் பேனரா அரங்கத்துக் கூரைக்குப் போகுது, இனி எவனும் அதப் போட முடியாது. ஊரே வரும். அவன் சிரிச்சிட்டுக் கைய ஆட்டுவான், எல்லாம் சரியாயிடும். பேனர நீயே தைச்சிடு, உன் தையல்தான் நிக்கும்."

"நீங்க ஒரு வரி எழுதிக் குடுக்கக் கூடாதா? தலைன்னு?"

"வக்கீல் என் தலைய எடுத்துடுவான்யா."

தைத்தேன். பன்னிரண்டு அடி நீலத் துணி. மேலே டட்கா, நடுவில் பெரிய நான்கு, கீழே அவன் ஆடிய வருடங்கள். அதற்கும் கீழே வெள்ளைக் கம்பளத் துணியில் சாண் உயர எழுத்துகளை வெட்டி இன்னொரு வரியும் தைத்தேன். இரட்டைத் தையல் போட்டேன். பிறகு சுருட்டிக் கட்டினேன். சுருளை யாரும் பிரித்துப் பார்க்கவில்லை. பதினோரு வருடம் என் கையெழுத்தை யாரும் சரிபார்க்கவில்லை என்பதைப் போலத்தான்.

ஞாயிறு மதியம், ஆட்டத்துக்கு முன்னால் விழா. இரண்டு அணிகளும் பனித்தளத்தில் வரைந்த நீலக் கோட்டின்மேல் வரிசையாக நின்றன. மெல் பனியில் விரித்த கம்பளத்தில் கறுப்புக் கண்ணாடியோடு நின்றான். ரோண்டா அவன் முழங்கையைப் பிடித்திருந்தாள். அறிவிப்பாளர் அவன் வரலாற்றை வாசித்தார். "மேல் உடல் காயங்களால் விடைபெற்ற நம் மெல்" என்றபோது ரோண்டாவின் தாடை இறுகியதை நான் இருந்த இடத்திலிருந்தே பார்த்தேன். கயிற்றை இழுத்தார்கள். சுருள் அவிழ்ந்துகொண்டே மேலே போனது. பெயர், எண், வருடங்கள். பிறகு கடைசி வரி.

தலையில் அடிபட்டது ஏழு முறை.

கைதட்டல் பாதியில் நின்றது. மூவாயிரம் பேர் ஒரே நேரத்தில் வாசிப்பதற்கு ஒரு சத்தம் உண்டு. கார்ட் கயிற்றுக்காரர்களைப் பார்த்து, "இறக்குடா, இறக்கு!" என்று கத்தினார். எதிரணி வரிசையில் ஒரு தடுப்பாட்டக்காரன் மட்டையால் பனியைத் தட்டினான். அடிபட்டவன் எழுந்து நிற்கும்போது தட்டுவது எங்கள் வழக்கம். பிறகு எல்லாரும் தட்டினார்கள். புரிந்து தட்டினார்களா, பழக்கத்தில் தட்டினார்களா என்று நான் சொல்ல மாட்டேன். வழக்கம் என்ற பெயரில் அவர்கள் செய்த மற்றவற்றையும் அறிந்தவன் நான்.

மெல் கண்ணாடியைக் கழற்றினான். விளக்குகளுக்கு எதிராகக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு உதடசைய ஒவ்வொரு சொல்லாகப் படித்தான். பிறகு மறுபடி முதலிலிருந்து படித்தான். படித்து முடித்ததும் பெஞ்சருகே நின்ற என்னைத் தேடிக் கண்டுபிடித்து உரக்கச் சொன்னான்:

"வெஸ்ஸி! ஏழில்லடா, எட்டு! ஒன்ன உன்கிட்டகூடச் சொல்லல!"

மறுநாள் காலை பேனரை இறக்கினார்கள். என்னையும் வீட்டுக்கு அனுப்பினார்கள். குப்பைத் தொட்டியருகே கிடந்த துணியை ரோண்டா பேருந்தை நிறுத்தி இறங்கி எடுத்துப் போனாள். அன்று மாலையே அவள் வீட்டுச் சமையலறையில் உட்கார்ந்து 'ஏழு' என்பதைப் பிரித்துவிட்டு 'எட்டு' என்று தைத்துக் கொடுத்தேன். ஃப்ரிட்ஜில் ஒட்ட முடியாத அளவு. சுவரில் ஓட்டை இருந்த பக்கத்தில் மாட்டினாள். மெல் தினமும் காலையில் காபியோடு அதன் முன் நின்று வாசிக்கிறான்.

செப்டம்பர் வந்தது. முகாம் தொடங்கிவிட்டது. என் இடத்தில் இப்போது வேறொருவர் கையெழுத்துப் போடுகிறார். அறையில் நன்றாகச் சிரித்தார்களாம்.