ஒன்றை அழுத்தினால் அவள்

வெள்ளவத்தையில் ஒரு தனியார் மருத்துவமனையில் நிர்வாக அதிகாரியாக இருந்தேன். வைத்தியரைப் பார்க்க நம்பர் கொடுக்கும் தொலைபேசி மேசையில் ஒரு பெண் வேலை செய்தாள். பதுளைப் பக்கத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவள். கிருலப்பனையில் ஓர் அறை எடுத்துத் தாயுடன் இருந்தாள். சேர்ந்த வாரமே அவளைக் கூப்பிட்டு, 'ஆமாங்க' வேண்டாம், 'ஓம்' என்று சொல்லும்படி சொன்னேன். கோல் பண்ணுபவர்கள் பெரும்பாலும் யாழ்ப்பாணத்தார் என்று காரணமும் சொன்னேன். உண்மையில் அந்தப் பேச்சு என் காதுக்குத்தான் பிடிக்கவில்லை. ஒரு மாதத்தில் அவள் எங்களைப் போலவே கதைத்தாள். இருமலைக் கேட்டே யாருக்கு முதல் நம்பர் கொடுக்க வேண்டும் என்று அவளுக்குத் தெரியும்.

சில வருடங்களுக்குப் பிறகு, தானே பதில் சொல்லும் தொலைபேசி வந்தது. தமிழுக்கு ஒரு குரல் தேவைப்பட்டது. அவளுடைய பெயரைக் கொடுத்தவன் நான்.

"இது வந்தா எனக்கு வேலை இருக்குமோ சேர்?" என்று கேட்டாள்.

"நீர் லீவு எடுக்கிற நாளுக்குத்தான் பிள்ளை" என்றேன். வேலையிலிருந்து நிறுத்த வேண்டியவர்களின் பட்டியல் அப்போது என் மேசை லாச்சியில் இருந்தது. அதைத் தயாரித்தவனும் நான்தான்.

சத்தம் புகாத இடம் என்று எக்ஸ்ரே அறையில் வைத்து இரண்டு நாள் அவள் குரலைப் பதிவு செய்தார்கள். இனித் தனக்குத் தடிமன் வந்து தொண்டை கட்டினாலும் அந்த மெஷின் நன்றாகக் கதைக்கும் என்று சிரித்தாள். நானும் சிரித்தேன்.

அடுத்த மாதம் கடிதத்தைக் கையில் கொடுத்தேன். இரண்டு தரம் வாசித்தாள்.

"என் குரல எடுத்துக்கிட்டுத்தான் அனுப்புறீங்க, இல்லீங்களா?"

அத்தனை வருடத்தில் அவளுடைய சொந்தப் பேச்சை அன்றுதான் மறுபடி கேட்டேன். மேலிடத்து முடிவு என்றேன்.

"அப்ப அத அழிச்சிருங்க சேர். அது மட்டும் போதும்."

கேட்டுப் பார்க்கிறேன் என்றேன். யாரிடமும் கேட்கவில்லை.

இப்போது ஓய்வு பெற்றுவிட்டேன். இருதய வருத்தம், மாதா மாதம் வைத்தியரைப் பார்க்க வேண்டும். அதே மருத்துவமனைதான் பக்கத்தில். தொலைபேசிக்குப் பயந்து நேரில் போனேன். கவுண்டரில் இருந்தவர், "கோல் பண்ணித்தான் நம்பர் எடுக்கலாம் அங்கிள்" என்றார். அங்கேயே நின்று கோல் எடுத்தேன்.

"வணக்கம். தமிழில் தொடர ஒன்றை அழுத்துங்கோ."

நான் பழக்கிவிட்ட அதே பேச்சு. ஒரு பிசிறு இல்லை. நான் மூன்றை அழுத்தினேன். ஆங்கிலத்தில் பேசுவது வேறு யாரோ. மாதா மாதம் அப்படித்தான் நம்பர் எடுக்கிறேன்.