கோட்டு போட்ட ஆளும் என் முகமும்

இன்று சாயங்காலம் செஞ்சி பஸ் ஸ்டாண்டில் தொண்டூர் பஸ்ஸுக்காக நின்றிருந்தேன்.

இந்த வெயிலில் ஒரு ஆள் கம்பளிக் கோட்டு போட்டுக்கொண்டு, தனக்குத்தானே பேசியபடி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். எனக்குச் சந்தேகம். பையை அணைத்துக்கொண்டு, அந்தப் பக்கமே திரும்பாமல் நின்றேன்.

பூ விற்கும் அக்கா அவரைச் சும்மா விடவில்லை.

"இன்னா தம்பி, ஜுரமா? எந்த ஊரு நீ? சாப்டியா?"

டீக்கடைக்குப் பின்னாலிருந்து ஒருவர் கேமராவோடு ஓடிவந்தார்.

"அக்கா, மறுபடியுமா! இது சினிமாக்கா. பழைய ரஷ்யக் கதை. ஊர்ல ஒருத்தர்கூட இவன்கிட்ட பேச மாட்டாங்க. அதான் கதையே."

"அப்ப அந்த ஊர்லயே போய் எடு. கண்ணெதிர்ல ஒருத்தன் வேர்த்து ஊத்திக்கினு குந்தியிருந்தா, கேக்காம போவாங்களா?"

கேமராக்காரர் என்னைக் காட்டினார். "இந்தப் பொண்ணப் பாருங்க. திரும்பிக்கூடப் பாக்கல. இதான் வேணும்."

அப்படியென்றால் கேமராவில் என் முகம் இருக்கிறது!

படிப்பை நிறுத்திய பிறகு நைனா என்னை ஃபேன்சி ஸ்டோர் வேலைக்கு அனுப்புவதே ஒரு நிபந்தனையோடுதான். ஊரில் யாரும் என்னைப் பற்றிப் பேசக் கூடாது.

தயங்கித் தயங்கி, "அண்ணா, அத அழிச்சிடுங்க" என்றேன்.

"அழிச்சிட்டேம்மா" என்றார், கேமராவைத் தொடாமலே.

பஸ் ஏறும்போது பார்த்தேன். கோட்டு ஆளுக்கு அக்கா டீ வாங்கிக் கொடுத்துக்கொண்டிருந்தார்; சுற்றி நின்றவர்களும் அவரை விசாரித்துக்கொண்டிருந்தார்கள். அவரிடம் பேசாத ஒரே ஆள் நான்தான். அதனால் படத்தில் இருக்கப்போவதும் நான்தான்.

ஏதாவது சினிமாவில் பச்சைத் துப்பட்டா போட்ட பெண் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றால் எனக்குச் சொல்லுங்கள். நைனாவிடம் வேண்டாம்.