வாசல் விளக்கு பாடிய வெர்னெட்டா

பிலடெல்பியாவில், ஜெர்மன்டவுனில், நானும் வெர்னெட்டா டில்லார்டும் ஒரே தெரு. அவள் சர்ச் குழுவில் பாடினாள்; நான் பேஸ் கிட்டார் வாசித்தேன். தொண்ணூற்றெட்டில் ஊரே நியோ சோல் என்கிற புது இசைமேல் பித்துப் பிடித்துக் கிடந்தது. செவ்வாய்தோறும் ஒரு பாரில் யார் வேண்டுமானாலும் மேடையேறலாம். வெர்னெட்டா பகலெல்லாம் முதியோர் இல்லத்தில் கிழவர்களைக் குளிப்பாட்டிவிட்டு அதே சீருடையோடு வந்து நிற்பாள். குரலை உயர்த்தவே மாட்டாள். பக்கத்தில் உட்கார்ந்து பேசுவதுபோல ஆரம்பிப்பாள். பார்க்காரர் ஐஸ் அள்ளுவதை நிறுத்திவிடுவார்.

நியூயார்க் கம்பெனி ஒன்று அவளை ஒப்பந்தம் செய்தது. பதினோரு பாட்டு பதிவு செய்தோம். அதில் ஒன்று 'வாசல் விளக்கு'. சிறைக்குப் போன தம்பி லமாண்டுக்காக அவளே எழுதியது.

ஆல்பம் வரவில்லை. கம்பெனியில் ஆட்கள் மாறினார்கள். புதிதாக வந்தவன், "இந்த மாதிரி பாட்டுக்கு இப்ப மவுசு இல்லம்மா, கொஞ்சம் பொறு" என்றான். அந்தக் 'கொஞ்சம்' ஆறு வருஷம் நீண்டது. ஒப்பந்தப்படி வேறு யாருக்கும் அவள் பாடக் கூடாது. பாட்டுகளும் அவர்களுக்கே சொந்தம்.

ஒரு நாள் மத்தியானம் முடி பின்னும் கடையிலிருந்து போனில் கூப்பிட்டாள்.

"ஓடெல், ரேடியோவப் போடுடா."

போட்டேன். யாரோ ஒரு சின்னப் பெண் 'வாசல் விளக்கு' பாடிக்கொண்டிருந்தாள்.

"பின்னால பாடுறது யாருன்னு கேளு."

வெர்னெட்டாவேதான். நாங்கள் பதிவு செய்த குரலை அப்படியே பின்பாட்டாக வைத்துவிட்டார்கள்.

"பாத்தியா? என் பாட்டுக்கே என்னையப் பின்பாட்டு பாட வச்சிட்டானுங்க" என்று சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

நாங்கள் போய்ப் பார்த்த வக்கீல் ஒப்பந்தத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "கையெழுத்து உங்களோடதுதானே?" என்று மட்டும் கேட்டார்.

அடுத்த வருஷம் லமாண்ட் சிறையிலேயே ஆஸ்துமாவில் இறந்தான். இறுதிச் சடங்கில், அவனோடு உள்ளே இருந்து விடுதலையான ஒருவர் எழுந்தார்.

"ரேடியோல இந்தப் பாட்டு வந்தா, 'பின்னால கேக்குது பாரு, அது எங்கக்கா'ன்னு சொல்லுவான். 'ஆமாடா, இங்கிலாந்து ராணி என் சித்தி'ன்னு நாங்க ஓட்டுவோம். மன்னிச்சிருங்கம்மா. நாங்க யாரும் நம்பல."

வெர்னெட்டா பெட்டிக்குப் பக்கத்தில் போய் நின்று அந்தப் பாட்டைத் தொடங்கினாள். இரண்டாவது வரியோடு நிறுத்திவிட்டாள். ரேடியோவில் கேட்டுக் கேட்டு எல்லாருக்கும் பாட்டு மனப்பாடம். சர்ச்சே சேர்ந்து பாடி முடித்தது. அவள் பெட்டியின் மேல் கை வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

மூன்று வருஷம் கழித்து ஒப்பந்தம் முடிந்தது. அன்றே அவள் வீட்டுக்குப் போனேன்.

"சின்ன இடந்தான், வெர்ன். நாலு பாட்டு. வந்து பாடேன்."

"அந்தக் குரல அவங்களே வச்சிக்கட்டும்டா. காலைல எனக்கு வேலை இருக்கு."

பாத்திரம் கழுவிக்கொண்டே சொன்னாள், திரும்பிப் பார்க்கவில்லை. அதற்குப் பிறகு நானும் கேட்கவில்லை.