யுத்தப் படத்தில் ஓர் இடது கை

யுத்தச் செய்திப் படத்துக்குத் தமிழ் சொல்லும் தொழிலில் ஒரு சங்கடம் உண்டு: கூட்டத்தைப் பார்த்துப் பேசுகிறவனுக்குத் திரையில் என்ன ஓடுகிறது என்று தெரியாது.

யுத்த காலத்தில் பூந்தமல்லி டூரிங் கொட்டகையில் எனக்கு இதுதான் வேலை. எந்தப் படம் போட்டாலும் அதற்கு முன்னால் சர்க்கார் அனுப்பும் யுத்தப் படத்தைக் காட்டியாக வேண்டும். எங்களுக்கு வந்து சேர்ந்ததெல்லாம் இங்கிலீஷில் பேசும் படங்கள். ஆபரேட்டர் கோவிந்தன் அண்ணன் சத்தத்தை அடியோடு குறைத்துவிடுவார். நான் திரைக்குப் பக்கத்தில் நின்று, தகரப் புனலை வாயில் வைத்து, கையிலுள்ள காகிதத்தைப் பார்த்துத் தமிழில் கத்துவேன். எவனோ எழுதியதைத் தன் தொண்டையைக் கிழித்துக்கொண்டு சொல்லிப் பிழைத்தவர்கள் உங்களில் இருந்தால், என் பாடு உங்களுக்குப் புரியும்.

குண்டு வீசும் காட்சி

ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று பயந்து பட்டணத்து ஜனம் மூட்டை முடிச்சோடு எங்கள் பக்கம் வந்து தங்கியிருந்த சமயம். முதல் ஆட்டம். திரையில் ஒரு விமானம் சின்னப் புள்ளியாகத் தோன்றி, பெரிதாகி, நேரே கூட்டத்தைப் பார்த்துப் பாய்ந்து வந்தது. காகிதத்தில் 'விமானம் வருகிறது' என்று மட்டும்தான் இருந்தது; நான் அதோடு நிறுத்தியிருக்கலாம். "இதோ வருகிறது, தலைக்கு மேலே வந்துவிட்டது!" என்று புனலில் முழங்கினேன்.

தரை டிக்கெட் முழுவதும் எழுந்து ஓடியது. மணலில் செருப்புகள் மட்டும் மிச்சம். அது நம்முடைய விமானம்தான் என்று நான் கத்தியது யார் காதிலும் விழவில்லை. இடுப்பில் குழந்தையோடு வாசல் வரை ஓடிப்போன ஒரு பட்டணத்துப் பெண் திரும்பி நின்று என்னைப் பார்த்துக் கேட்டாள்: "அதுக்குப் பயந்துதானே ஊட்டப் பூட்டிக்கினு இங்க ஓடியாந்தோம், இங்கயும் இட்டாந்துட்டியே நைனா!"

எல்லாரும் பத்திரம்

என் தகரப் புனலைச் செய்து தந்தவர் காதர் பாய். பூந்தமல்லியில் தகரப் பெட்டி, வாளி, விளக்கு எல்லாம் அடிப்பவர். அவருடைய ஒரே மகன் யூசுப் பட்டறையில் கற்ற கைவேலையோடு பட்டாளத்தில் சேர்ந்து, விமானங்களைப் பழுதுபார்க்கும் வேலைக்குப் போய்விட்டான். பர்மா எல்லைப் பக்கம் எங்கோ இருப்பதாகக் கேள்வி. ஏழு மாதமாகக் கடிதம் இல்லை. மகன் எந்தப் படத்திலாவது தென்படுவானா என்று பார்க்கத்தான் பாய் தினம் முதல் ஆட்டத்துக்கு வருவார். யுத்தப் படம் முடிந்ததும் எழுந்து போய்விடுவார்.

அது தெரிந்தும் என் வாய் சும்மா இருக்கவில்லை. நுணலும் தன் வாயால் கெடும் என்பார்களே, நான் அந்த ரகம். ஒரு நாள் காகிதத்தில் எழுதியிருந்தது சீக்கிரம் தீர்ந்துவிட, படம் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. "போன விமானங்கள் அத்தனையும் திரும்பிவிட்டன, நம் பிள்ளைகள் எல்லாரும் பத்திரம்" என்று சொந்தமாகச் சேர்த்துவிட்டேன். கூட்டம் கை தட்டியது. எனக்கும் பெருமைதான்.

மறுநாள் விடிந்ததும் பாய் என் வீட்டு வாசலில் நின்றார். முகச் சவரம்கூடச் செய்துகொள்ளவில்லை. கோபமில்லாமல், தபாலாபீசில் விசாரிப்பதுபோலக் கேட்டார்: "எல்லாரும் பத்திரம்னியே தம்பி, அந்தச் சேதி உனக்கு யார்கிட்டேர்ந்து வந்துச்சு?"



முதுகு

அதற்குப் பிறகு காகிதத்தில் இல்லாத ஒரு வார்த்தையும் பேசுவதில்லை என்று வைத்துக்கொண்டேன். அடுத்த மாதம் ஒரு புதுப் படம் வந்தது. வந்தபோதே இரண்டு இடத்தில் அறுந்திருந்தது. கோவிந்தன் அண்ணன் அவசர அவசரமாக ஒட்டி ஓட்டினார். விமானத்தின் இறக்கைமேல் ஒருவன் மண்டியிட்டுத் தகட்டை அடித்துக்கொண்டிருக்கும் காட்சி. முகம் தெரியாது, முதுகுதான். நான் வழக்கம்போலக் கூட்டத்தைப் பார்த்து நின்றிருந்தேன்.

காதர் பாய் எழுந்து நின்றுவிட்டார். பின்னாலிருந்தவர்கள் "குந்து, குந்து" என்று சத்தம் போட்டதைக் கவனிக்கவே இல்லை. காட்சி முடிந்ததும் ஆட்களைத் தாண்டிக்கொண்டு வந்து என் கையைப் பிடித்தார்.  யூசுப் இடது கைக்காரன். பட்டறையில் சுத்தியலை இடது கையில் பிடித்ததற்காக மகனைப் பல தடவை அடித்திருக்கிறார். இறக்கைமேல் இருந்தவனும் இடது கையால்தான் அடித்தான் என்றார். நாளைக்கு மனைவியையும் அழைத்து வருவதாகச் சொன்னார். ஜைனம்பு அக்கா அதுவரை சினிமாக் கொட்டகைக்குள் காலடி வைத்ததில்லை.

"பீச்சாங்கையால அடிக்காதேன்னு எத்தினி தபா ஒதைச்சிருப்பேன்," என்றார் பாய். "இன்னிக்கி அந்தக் கைதான் தம்பி எனக்கு அவனக் காட்டிக் குடுத்துச்சு."

தப்பாக ஒட்டிய துண்டு

எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. நானும் யூசுப்பைப் பார்க்க வேண்டும் என்று மறுநாள் காலையில் ஆபரேட்டர் அறைக்கு ஏறினேன். கோவிந்தன் அண்ணன் சுருளைப் பிரித்து வெளிச்சத்தில் பிடித்தார். பிடித்தவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிலிமுக்கு ஒரு பக்கம் மங்கல், ஒரு பக்கம் பளபளப்பு. சுருள் முழுக்க ஒரே பக்கம் மேலே இருக்க வேண்டும். அந்தத் துண்டு மட்டும் பக்கம் மாறி ஒட்டியிருந்தது. அதனால் திரையில் இடம் வலமாகவும் வலம் இடமாகவும் விழுந்திருந்தது. விமானத்தின்மேல் எழுதியிருந்த நம்பர்கூடக் கண்ணாடியில் பார்ப்பதுபோல மாறித்தான் தெரிந்திருக்கும். சத்தத்தைக் குறைத்து வைத்திருந்ததால் சத்தம் கெட்டதும் தெரியவில்லை. இறக்கைமேல் இருந்தவன் வலது கைக்காரன். அவன் வேறு யாரோ.

எனக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. பாயிடம் சொல்லிவிடலாம் என்பேன். உடனே அவர் ஆட்களைத் தாண்டி வந்து என் கையைப் பிடித்தது நினைவுக்கு வரும். கோவிந்தன் அண்ணன் பிளேடைக் கையில் எடுத்தார், கீழே வைத்தார், மறுபடி எடுத்தார். ஒட்டு வேலையில் ஒரு பிசிறு இருந்தால்கூட அவருக்குத் தூக்கம் வராது. கடைசியில் சுருளை அப்படியே சுற்றிப் பெட்டியில் வைத்தார்.

"இன்னிக்கி அந்தம்மா பாத்துட்டுப் போவட்டும், நாளைக்கி வெட்டி சரியா ஒட்டிடுவேன்," என்றார். "தப்புன்னு தெரிஞ்சே ஓட்டப் போறது எனக்கு இதான் மொத தபா நைனா."

பெண்கள் பக்கம்

நான் அந்தக் கொட்டகையில் இருந்தவரை யூசுப்பிடமிருந்து கடிதம் வரவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நீங்கள் வேறு முடிவை எதிர்பார்க்க வேண்டாம்.

அன்று மாலை ஜைனம்பு அக்கா வெள்ளைத் துப்பட்டியைப் போர்த்திக்கொண்டு வந்து பெண்கள் பக்கம் உட்கார்ந்தார். பாய் ஆண்கள் பக்கம். அந்த இடம் வந்தபோது முதல் தடவையாக நான் கூட்டத்துக்கு முதுகைக் காட்டித் திரையைப் பார்த்தேன். இறக்கைமேல் அந்த முதுகு. இடது கையில் சுத்தியல். காகிதத்தில் இரண்டு வரி இருந்தது. அதைப் படிக்கவில்லை. புனலைத் தாழ்த்திக்கொண்டேன். இருட்டில் பாயின் குரல் கேட்டது: "ஜைனம்பு, பாத்துக்கினியா?" பெண்கள் பக்கத்திலிருந்து, கொட்டகை முழுக்கக் கேட்கும்படி, "பாத்தேங்க!" என்று பதில் வந்தது.

ஆட்டத்துக்கு நடுவிலேயே இருவரும் கிளம்பினார்கள். பாய் கூட்டத்தில் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார். அக்கா வாசல் தட்டியோரம் நின்ற என்னிடம் வந்தார். அவர் கண் காய்ந்திருந்தது. உண்மையைச் சொல்லிவிடத்தான் வாயைத் திறந்தேன். அவர் கையமர்த்தி, குரலைத் தணித்துச் சொன்னார்:

"அது எம்புள்ள இல்ல தம்பி, பெத்தவளுக்கு முதுகு தெரியாதா? நேத்துலேர்ந்துதான் அவுரு வயிறார சோறு துன்றாரு. அவுரு உன்னக் கேட்டா, பாத்ததும் அம்மாக்காரி கண்டுக்கினான்னு சொல்லிடு."

எத்தனையோ விமானங்களுக்குத் தொண்டை கிழியத் தமிழ் சொன்ன நான், வாயை மூடிக்கொண்டு நின்ற அந்த ஒரு காட்சியைத்தான் ஒழுங்காக விளக்கியதாக இன்றைக்கும் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.