பாதி வேணுமாம்

அம்மாவுக்கும் சித்தப்பாவுக்கும் நடந்த வழக்கு முழுக்க இந்தியில் நடந்தது. இருவரும் விருதுநகர்க்காரர்கள். அம்மாவுக்கு இந்தி என்றால் காய்கறி வண்டிக்காரனிடம் நாலு வார்த்தை பேரம் பேசுகிற அளவுதான். ஆகவே மொழிபெயர்ப்பாளர் உத்தியோகம் எனக்கு வந்தது. அப்போது எனக்குப் பத்து வயது. சம்பளம், வாய்தாவுக்கு ஒரு சமோசா.

அப்பா மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் குமாஸ்தா. தலைநகரில் நாங்கள் இருந்த மோதி பாக் குவார்ட்டர்ஸில் யாருக்கு எந்த ஃபாரம் நிரப்ப வேண்டுமென்றாலும் எங்கள் வீட்டுக்குத்தான் வருவார்கள். ரேஷன் கார்டு, ஸ்கூல் அட்மிஷன், கேஸ் சிலிண்டர், எல்லாவற்றுக்கும் அப்பாவின் பேனாதான். தன்னுடைய ஃபாரம் ஒன்றே ஒன்றை மட்டும் மனிதர் திருத்தவில்லை. வேலையில் சேர்ந்த வாரம், கல்யாணத்துக்கெல்லாம் முன்னால், பி.எஃப்.புக்கும் கிராஜுட்டிக்கும் நாமினியாகத் தம்பியின் பெயரை எழுதிக் கொடுத்திருந்தார். பிறகு அம்மா வந்தாள், நான் வந்தேன். ஃபாரம் அப்படியே இருந்தது. ஒரு திங்கட்கிழமை காலை ஆபீஸ் பஸ்ஸுக்கு நின்றவர் நின்ற இடத்திலேயே சரிந்துபோனார். ஆபீசில் ஃபைலைப் பிரித்துப் பார்த்தால் அதில் நாங்கள் இல்லை.

பென்ஷன் அம்மாவுக்கு என்று சொல்லிவிட்டார்கள். மற்றப் பணத்துக்குச் சித்தப்பா சம்மதம் எழுதித் தரவேண்டும், இல்லையென்றால் கோர்ட் உத்தரவு வேண்டும் என்றார்கள். சித்தப்பாவைக் கேட்டிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும். கல்யாணமாகாமல் ஜனக்புரியில் அறை எடுத்துத் தங்கியிருந்த அவர், ஞாயிறு தவறாமல் ஜிலேபிப் பொட்டலத்தோடு வருவார். காலனி செக்ரட்டரி நடப்பதை நடந்து காட்டி எங்களைச் சிரிக்க வைப்பார். இன்றைக்கு நான் கல்யாண வீடுகளில் அடிக்கும் கோமாளித்தனம் அவர் வழி வந்த சொத்து. அதற்கு நாமினேஷன் தேவைப்படவில்லை.

ஆனால் ஊரிலிருந்து மாமா வாரம் ஒரு கடிதம் போட்டார். பணம் வந்ததும் அம்மா பேரில் லாரி வாங்குவது, எனக்கு ஒரு சைக்கிள் வாங்குவது, அதுவரை கொழுந்தனை நம்பாமல் இருப்பது என்பது அவர் திட்டம். அம்மா முந்திக்கொண்டு கேஸ் போட்டாள். பதினாறாம் நாள் காரியத்துக்குத் தண்ணீர் சுமந்த சித்தப்பாவின் கைக்கு, அடுத்த வாரம் கோர்ட் நோட்டீஸ் போனது. அன்றோடு அம்மாவிடம் அவர் பேச்சை நிறுத்திக்கொண்டார். பேசினால் வக்கீலிடம்தான், இந்தியில்தான்.

சமரசம் பேசலாமென்று ஒருநாள் எங்கள் வக்கீல் கூப்பிட்டார். அவர் ஆபீஸ் என்பது கோர்ட் வளாகத்தில் ஒரு தகரக் கூரை, ஒரு மேஜை, நாலு நாற்காலி. ஜூன் மாதம். நான் இரண்டு கிளாஸ் எலுமிச்சைச் சாறு குடித்துவிட்டு, ஒரு மணி நேரமாகக் காலைப் பின்னிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

மேஜையின் மசிப்புட்டியைப் பார்த்தபடியே சித்தப்பா பேசினார். எனக்கு ஒன்றுவிடாமல் புரிந்தது. பாதிப் பணத்தைப் பையன் பெயரில் பாங்கில் போட வேண்டும். பதினெட்டு வயது வரை யாரும், முக்கியமாக மாமா, தொடக்கூடாது. அப்படி எழுதிக் கொடுத்தால் இப்போதே கையெழுத்துப் போடுகிறேன். எனக்கு ஒரு பைசா வேண்டாம் என்றார்.

"என்னடா சொல்றாரு உங்க சித்தப்பா?" என்றாள் அம்மா.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். பரீட்சை, ஊசி, பெரியவர்கள் பார்வை, எதுவானாலும் எனக்குப் பயம் முதலில் அடிவயிற்றுக்குத்தான் போகும். அங்கே ஏற்கெனவே இடமில்லை. பதினெட்டு வயது வரை என்றால் சைக்கிள் என்ன ஆவது என்ற கவலையும் கூடவே வந்து முட்டியது. அவ்வளவு நீளமான வாக்கியத்தில் என் வாயிலிருந்து தப்பி வந்தது இரண்டே வார்த்தை.

"பாதி வேணுமாம்."

அம்மா எழுந்துவிட்டாள். "நெனச்சேன். அண்ணன் செத்த ஈரம் காயல, அதுக்குள்ள பங்கு கேக்குறாரு. கோர்ட்டு சொல்லட்டும்னு சொல்லுடா!"

அதை மட்டும் ஓர் எழுத்துக்கூடக் குறையாமல் இந்தியில் சொன்னேன். வக்கீல் திகைத்தார். "அரே, இதில் கோபப்பட என்ன இருக்கிறது?" என்று இந்தியில் கேட்டார். அதை அம்மாவுக்கு நான் சொல்லவில்லை.

சித்தப்பா என்னைப் பார்த்தார். என் பின்னிய காலையும் பார்த்தார். "பச்சே கோ பெஹலே பாத்ரூம் லே ஜாயியே, வக்கீல் சாப்", பையனை முதலில் பாத்ரூமுக்குக் கூட்டிப் போங்கள் என்று சொல்லிவிட்டு எழுந்து போனார்.

வழக்கு நாலு வருஷம் ஓடியது. குவார்ட்டர்ஸைக் காலி செய்து ஒற்றை அறைக்குப் போனோம். கடைசி வாய்தாவில் சித்தப்பா வந்து, தனக்கு எதுவும் வேண்டாமென்று எழுதிக் கொடுத்துவிட்டு, எங்கள் பக்கம் திரும்பாமல் பஸ் ஏறிவிட்டார். ஜட்ஜ் தாமாகவே ஒரு வரி சேர்த்தார்: மைனர் பையனின் பங்கு பதினெட்டு வயது வரை பாங்கில் இருக்க வேண்டும். நான் காலேஜ் படித்தது அந்தப் பணத்தில். அம்மாவின் பங்கில் மாமா வாங்கிய லாரி ஒரு வருஷம் ஓடியது. சைக்கிள் வரவே இல்லை.

போன குளிர்காலத்தில் சித்தப்பா இறந்தார். "பாதி கேட்ட மனுசன்" என்றாள் அம்மா. எண்பதை நெருங்குகிறாள், வரமாட்டேன் என்றுவிட்டாள். உண்மையைச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். ஒரு ஜோக் வந்தது. அவள் சிரித்தாள். நான் மட்டும் போனேன். சுடுகாட்டில் ஒரு ஃபாரம் நீட்டி, இறந்தவர் உங்களுக்கு என்ன உறவு என்று கேட்டார்கள். நிரப்ப ரொம்ப நேரமானது.

அன்றைக்குப் பாத்ரூமிலிருந்து வந்து சமோசாவைத் தின்னும்போது எனக்கு எவ்வளவு நிம்மதி! அம்மாவுக்கு இந்தி தெரியாது, வக்கீலுக்குத் தமிழ் தெரியாது, நான் விழுங்கிய பாதியை யாராலும் கண்டுபிடிக்க முடியாது. காலியாகக் கிடந்த அந்த நாற்காலியில் சற்றுமுன் இருந்தவரும் விருதுநகர்க்காரர் என்பது எனக்குத் தோன்றவே இல்லை.