ஹெல்கா அம்மாவின் பெயருக்கு வந்த கடிதம்

ஜெர்மனியில் எதற்கும் கடிதம் வரும். பல் வைத்தியர் கூப்பிடுவதும் குப்பைத்தொட்டி மாற்றுவதும்கூடத் தபாலில் வருவது, கல்யாணப் பத்திரிகையையே வாட்ஸ்அப்பில் வாங்கிப் பழகிய எனக்கு இன்றும் விநோதம்தான். அப்படி ஒரு கடிதத்தோடு கோடை முடிவில் வீட்டுக்கார அம்மா ஹெல்கா என் அறைக் கதவைத் தட்டினார். எழுபதைத் தாண்டியவர். மாடி அறையை வாடகைக்கு விட்டதோடு தன் இணைய இணைப்பையும் எனக்குத் தந்திருந்தார். ஒரு தமிழ்ப் படத்தின் பெயரைத் தட்டுத்தடுமாறி வாசித்துவிட்டு, "கெட்டைல்ட்?" என்றார். பகிர்ந்தாயா என்று அர்த்தம். அந்தப் படத்தை நண்பர்களோடு உட்கார்ந்து பார்த்ததைக் கேட்கிறார் என்று நினைத்து, "யா, மிட் ஆலன்" என்றேன், ஆமாம், எல்லாரோடும் என்று சிரித்தபடி. அவர் முகம் வெளுத்துவிட்டது.

கடிதத்தை வாங்கி, போனில் மொழிபெயர்த்துப் படித்தேன். படக் கம்பெனியின் வக்கீல் அனுப்பியது. ஒரு திருட்டுச் செயலியில் நான் இலவசமாகப் படம் பார்த்த நேரத்தில், அந்தச் செயலி எனக்குத் தெரியாமலே அதை முகம் தெரியாத பலருக்கும் அனுப்பிக்கொண்டிருந்திருக்கிறது. இணைப்பு ஹெல்காவின் பெயரில். குற்றச்சாட்டும் அவர் பெயரில். "மைன் நாமெ," என் பெயர் என்று அந்த வரியையே விரலால் தொட்டுக்கொண்டிருந்தார்.

செயலியை எனக்கு அனுப்பியது எங்கள் ஊரான ஏழாயிரம்பண்ணையில் சின்னப் பட்டாசுக் கம்பெனி நடத்தும் என் அண்ணன். உடனே அவரைக் கூப்பிட்டேன்.

"ஏலே, ஊரே அதுலதான் பாக்குது. உன்னய மட்டுமா புடிப்பாக?" என்று சிரித்தார்.

நான் ஊரிலிருந்த கடைசி தீபாவளி சீசனில், விருதுநகர்க்காரர் ஒருவர் கையில் கட்டோடு கம்பெனிக்கு வந்து, கருகிய பெட்டி ஒன்றை மேசையில் வைத்தார். பெட்டியில் எங்கள் லேபிள். உள்ளே இருந்த வெடி எங்களுடையதல்ல. யாரோ எங்கள் லேபிளை அப்படியே அச்சடித்து ஒட்டியிருந்தார்கள். அன்று முழுக்க அண்ணன் சாப்பிடவில்லை.

"அன்னைக்கு 'எம் பேரத் திருடிட்டான்'னு அழுதீகளே, அண்ணே."

"அது வேறலே" என்றார். குரலில் சிரிப்பில்லை.

எனக்கு வேறாகத் தெரியவில்லை. படம் எடுத்தவர்களின் உழைப்போடு, ஒரு வயதான பெண்ணின் நற்பெயரையும் சேர்த்தல்லவா நான் எடுத்திருந்தேன்!

செய்தது நான்தான் என்று எழுதி, கையெழுத்திட்டு அந்த வக்கீலுக்கு அனுப்பினேன். வழக்கு என் பெயருக்கு மாறியது. ஹெல்கா என்னை வெளியேறச் சொல்லவில்லை. கடவுச்சொல்லை மட்டும் மாற்றிவிட்டார். புதியதை நானும் கேட்கவில்லை.

தீபாவளியன்று அங்கே இருட்டும் நேரம், இங்கே மதியம், அண்ணன் வீடியோவில் கூப்பிட்டார். அறையில் சிக்னல் கிடைக்காமல் வெளியே இறங்கினேன்.

"எங்கனலே நிக்கே?"

"வீட்டு வாசல்ல."

சொன்ன பிறகுதான் 'வீடு' என்ற அந்தச் சொல் உறைத்தது. நிமிர்ந்தபோது, ஹெல்கா சன்னலோரம் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு அசைக்க என்னிடம் ஒரு கைதான் மிச்சமிருந்தது. மறு கையில், போனுக்குள், எங்கள் தெரு பட்டாசில் புகைந்துகொண்டிருந்தது.