அப்பாவுக்கு விட்ட இடம்

நாங்கள் அகதிகளாக வந்து குடியேறிய டூங்கபியில், அடுக்குமாடியில் எங்கள் பக்கத்து யூனிட்டில் ஒரு போலந்துக்காரர் தனியே இருந்தார். தன் நாட்டில் மூன்று படம் எடுத்தவர். மூன்றாவதை அரசாங்கம் பெட்டிக்குள் பூட்டிவிட, வெளிநாட்டுப் பட விழாவுக்கு வந்தவர் திரும்பிப் போகவில்லை. மனைவியும் மகனும் அங்கேயே நின்றுவிட்டார்கள். இங்கே படம் எடுக்க யாரும் கூப்பிடாததால் முப்பது வருடம் பிஸ்கட் தொழிற்சாலையில் வேலை செய்தே கிழவராகிவிட்டார். இதெல்லாம் அவரே சொன்னது. அம்மா வேலையால் வரும்வரை எனக்கும் பேச ஆளில்லை.

நான் வயதுக்கு வந்ததற்குச் செய்த சாமத்திய வீட்டுக்கு ஒழுங்கு செய்த வீடியோக்காரர் கடைசி நேரத்தில் கையை விரித்தார். அம்மா இடிந்துபோனார். அந்த வீடியோ அப்பாவுக்காக. எங்களைப் படகில் ஏற்றிவிட்டு அடுத்ததில் வருவதாகச் சொன்ன அப்பா, ஐந்தாவது வருடமாக இந்தோனேசியாவில் மாட்டுப்பட்டு நின்றார். பெரிய பிள்ளையாகிவிட்ட தைரியத்தில், போலந்து அங்கிளைக் கேட்கலாம் என்று நான்தான் சொன்னேன்.

அன்றைக்கு அங்கிள் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்தார். அம்மா அவரிடம் அப்பாவின் படத்தைக் கொடுத்தார். எங்கள் சனத்தில் அதற்கு விளக்கம் தேவையில்லை. வரமுடியாதவரை வீடியோக்காரர் கம்ப்யூட்டரில் ஒட்டிவிடுவார். அதற்காகவே அம்மா மேடையில் ஒவ்வொரு குடும்பத்தோடும் நின்றபோது தன் வலப்பக்கம் ஓராள் நிற்க இடம் விட்டார். அங்கிளோ, வடிவான மனிதர் என்று சொல்லிப் படத்தைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

அவர் தந்த டிஸ்க்கைப் போட்டுப் பார்த்தோம். பாட்டு இல்லை. ஆலாத்தி எடுத்த அன்ரிமாரில் பாதிப் பேருக்கு மேல் முகமே வரவில்லை. அம்மாவும் பக்கத்து வெற்றிடமும்தான் திரும்பத் திரும்ப வந்தன. ஒரு தடவை அம்மா அந்தப் பக்கம் பார்த்து, யாருக்கோ வழி விடுவதுபோலச் சேலைத் தலைப்பை ஒதுக்கினார்.

"இவர் என்னத்தைப் படம் எடுத்தவர்? அப்பாவை ஒட்டவே இல்லை," என்றார் அம்மா.

அங்கிளிடம் போனோம். அம்மாவின் ஏச்சை ஒரு சொல்லும் குறைக்காமல் நான் இங்கிலீசில் சொன்னேன். அவர் அப்பாவின் படத்தைத் திருப்பித் தந்து, அது எதற்கென்று தனக்கு விளங்கவில்லை, மன்னிக்கவேண்டும் என்றார்.

வேறு வழியில்லாமல் அதையே அப்பாவுக்கு அனுப்பினோம். பார்த்த இரண்டாம் நாள் அப்பா போன் எடுத்தார்.

"ஒண்டையும் ஒட்டவேண்டாம். அப்பிடியே இருக்கட்டும். நான் இல்லாத இடத்தை அந்த மனுசன்தான் பாத்திருக்கிறார்."

அம்மா அழுதார். முகம் கழுவிவிட்டு, "போய் அங்கிளிட்டைச் சொல்லிப்போட்டு வா," என்றார்.

போனேன். உள்ளே டிவிச் சத்தம் கேட்டது. ஏசியதைச் சொன்ன வாயால் இதை எப்படிச் சொல்வது என்று வெட்கமாக இருந்தது. இல்லாத இடத்தைப் பார்த்ததில் அப்படி என்ன இருக்கிறது என்றும் தோன்றியது. கதவைத் தட்டாமல் திரும்பிவந்து, சொல்லிவிட்டேன் என்று அம்மாவிடம் பொய் சொன்னேன்.

அந்தக் குளிர்காலத்தில் அவரை முதியோர் இல்லத்துக்குக் கொண்டுபோனார்கள். எங்கே என்று நாங்கள் விசாரிக்கவில்லை. முப்பது வருடம் படமே எடுக்காமல் இருந்து அவர் எடுத்த ஒன்றை அப்பா பார்த்து ஒரு நல்ல வார்த்தை சொல்லியிருந்தார். அதை அவர் கதவுவரை கொண்டுபோய்த் திரும்பக் கொண்டுவந்தேன் என்பது அப்போது எனக்குத் தெரியவில்லை.